தடுத்து வென்ற வீரர்

கூடைப்பந்தாட்டத்திலே பந்தைக் கூடையில் இடுபவருக்கே கைதட்டல் கிடைக்கும். எதிரி இடவொட்டாமல் தடுப்பவரை எண்ணிப் பார்ப்போர் மிகச் சிலரே. அத்தடுப்பையே ஒரு கலையாக வளர்த்து அழியாப் புகழ் எய்தியவர் அமெரிக்க வீரர் பில் ரசல்.

அவர் 1934ஆம் ஆண்டு லூசியானா மாநிலத்திலே பிறந்தார். கறுப்பினத்தவரை இழிவாக நடத்திய அத்தென்பகுதியை விட்டு, அவர்தம் பெற்றோர் கலிபோர்ணியாவிலுள்ள ஒக்லாந்து நகருக்குக் குடிபெயர்ந்தனர். 12 வயதிலே தாயை இழந்தார். பாடசாலை நாட்களில் அவரது ஆற்றலை உணர்ந்தோர் அரியர். உதவிப்பணம் தந்து அவரை ஏற்றுக்கொண்ட சான் பிரான்சிஸ்கோப் பல்கலைக்கழகம் 1955, 1956 ஆகிய இரு ஆண்டுகளிலும் தேசிய வெற்றிக்கிண்ணத்தைப் பெற்றது. 1956இல் மெல்பேர்ண் ஒலிம்பிக்கிலே தங்கப்பதக்கம் வென்றபின், அவர் பொஸ்ரன் செல்டிக்ஸ் குழுவிற் சேர்ந்து தொழில்முறை ஆட்டக்காரரானார்.

எதிரி எறியும் பந்தை ஓங்கி அறைந்து வெளியே தள்ளுவது பலருக்குப் பெருமை. ஆனால், களத்துக்கு வெளியே சென்ற பந்து மீண்டும் எதிரிக்கே உரியதாகும். ஆதலின் ரசல் பந்தை மெல்லத் தட்டித் தம் தோழர் கைக்குச் சேர்ப்பார். தடுப்பே தாக்குதலின் தொடக்கமாகிவிடும்! அவர் தடுத்த எறிகளின் தொகையை அறிவார் இல்லை. அக்காலத்திலே அதனைக் கணக்கெடுக்கும் வழக்கமே இருக்கவில்லை. ஆட்டமொன்றுக்கு அவர் எடுத்த புள்ளிகள் சராசரி 15 மாத்திரமே. 1962இல் ஒரே ஆட்டத்தில் 100 புள்ளிகள் குவித்த வில்ற் செம்பர்லேனின் குழுக்கள் வென்ற பட்டங்கள் இரண்டு. ரசல் ஆடிய குழுவோ 13 ஆண்டுகளில் 11 பட்டங்களை வென்றது.

களத்திலே வீரரெனப் போற்றியோர் வெளியே அவரை மனிதராக மதித்தனரா? 1961இல் கென்ரக்கி மாநிலத்து லெக்சிங்ரன் நகரில், நிறம் காரணமாக அவர்தம் தோழர்க்கு உணவு மறுக்கப்பட்டது. ரசலும் ஏனைய கறுப்பின வீரர்களும் ஆட மறுத்து ஊர் திரும்பினர். பொஸ்ரனுக்கு அண்மையிலிருந்த அவரது வீட்டிலும் தீயோர் புகுந்து, சுவர்களில் இழிசொற்களை எழுதிச் சென்றனர். அவர் அஞ்சினாரல்லர். 1963இல் வாஷிங்ரனில் நிகழ்ந்த மாபெரும் உரிமைப் பேரணியிலும் கலந்துகொண்டார்.

1966இல் அவரே தம் குழுவின் பயிற்றுநரானார். அமெரிக்கக் கூடைப்பந்துச் சங்கத்தில் அப்பதவியை வகித்த முதற் கறுப்பினத்தவர் அவரே. ஆடிக்கொண்டே பயிற்றுவித்து 1968, 1969 ஆகிய ஆண்டுகளிலும் வென்று, வெற்றியோடு ஓய்வு பெற்றார். 2011இல் ஜனாதிபதி ஒபாமா அவருக்குச் சுதந்திரப் பதக்கம் அணிவித்தார். 2022இல் அவர் மறைந்ததும், அவர் அணிந்த 6ஆம் இலக்கம் இனி எக்குழுவிலும் புதிதாக எவருக்கும் வழங்கப்படாதெனச் சங்கம் அறிவித்தது.

மாணவர்களே, தம் பெயருக்கு எத்தனை புள்ளிகள் என்று ரசல் எண்ணவில்லை. தம் குழு வென்றதா என்பதையே எண்ணினார். தோழர்க்கு இழிவு நேர்ந்தபோது ஆட்டத்தையே துறந்ததும் அவ்வுள்ளமே.