அடியடுக்கில் சோறு

ஒரு மனிதரின் முழு ஆயுளை 12 நிமிடத்தில், ஒரு வசனம்கூட இல்லாமல் எப்படிச் சொல்வது? பள்ளி, கல்யாணம், பிள்ளைகள், முதுமை என்று வரிசையாகக் காட்டினால் பாதியிலேயே கொட்டாவி வரும். ஜப்பானிய இயக்குநர் குனியோ கட்டோ 'லா மேசோன் ஆன் பெட்டி கியூப்' (2008) என்ற அனிமேஷன் குறும்படத்தில் வேறு வழி கண்டுபிடித்தார்.

நாலடுக்கு டிபன் கேரியரை நினைத்துக்கொள்ளுங்கள். அடியில் சோறு, அதன்மேல் குழம்பு, ரசம், உச்சியில் கொஞ்சம் பொரியல். மேலடுக்கு உட்கார்ந்ததும் கீழடுக்குக்கு அதுவே மூடி. படத்தில் வரும் கிழவரின் வீடும் இப்படித்தான். கடல் ஏறிக்கொண்டே இருக்கும் ஊர் அது. தண்ணீர் தரையைத் தொட்டதும் செங்கல் அடுக்கி மேலே இன்னோர் அறை கட்டி, சாமான்களோடு குடியேறிவிடுவார். கடல் ஏன் ஏறுகிறது என்று யாரும் விளக்குவதில்லை. நல்லவேளை! தேதி போடாமலே வருடங்கள் ஓடியதை நீர்மட்டம் சொல்லிவிடுகிறது. மேலே போகப் போக அறையும் சிறுத்துவிடுகிறது. உச்சியில் அவர் ஒற்றை ஆளாகச் சாப்பிடுகிறார்.

கேரியரில் கொக்கியை விடுவித்தால்தான் அடுக்கு பிரியும். இங்கே கொக்கி, அவருடைய புகைக்குழாய். தரையிலிருக்கும் கதவு வழியாக அது தண்ணீரில் விழுகிறது. மூழ்கு உடை வாங்கிப் போட்டுக்கொண்டு அதை எடுக்க இறங்குகிறார். குழாய் கைக்குக் கிடைத்ததும், முன்பு அதை எடுத்துக் கொடுத்த மனைவி நினைவுக்கு வருகிறாள். எடுக்க வந்த பொருள் கிடைத்துவிட்டது, ஆனாலும் அவர் மேலே ஏறவில்லை. இன்னும் ஓர் அடுக்கு, இன்னும் ஓர் அடுக்கு. மனைவி நோயில் படுத்த கட்டில், மகளின் கல்யாணம், மகள் சிறுமியாக இருந்த காலம். அடியில், இருவரும் சேர்ந்து கட்டிய முதல் வீடு.

பின்னோக்கிப் போவதில்தான் சூட்சுமம். அவளுடைய நோயை முதலில் பார்த்துவிட்டதால், கீழே வரும் ஒவ்வொரு சந்தோஷத்தின் முடிவும் நமக்கு முன்பே தெரியும். நேர்வரிசையில் சொல்லியிருந்தால் இந்தக் கனம் வந்திருக்காது.

கேரியரைப் பிரித்துத் தரையில் பரப்பலாம். இந்த வீட்டைப் பிரிக்க முடியாது. உப்பு நீரில் எல்லாம் அப்படியே இருக்கிறது, ஆனால் குடியிருக்க வழியில்லை. பென்சில் கோடு தெரியும் படங்களும் கென்ஜி கொண்டோவின் இசையும் மீதியைப் பார்த்துக்கொள்கின்றன. 2009இல் ஆஸ்கர் கிடைத்தது. விவரணைக் குரல் சேர்த்த வடிவமும் உண்டு. குரல் இல்லாததைத் தேடிப் பாருங்கள்.