குறும்படத்துக்குச் சூழலிசை அமைத்தல்

காட்சி நிகழும் இடத்தையும் அதன் மனநிலையையும் உணர்த்தியபடி, பேச்சுக்கு அடியில் ஓடும் இசை சூழலிசை. பெரும்பாலும் இதற்கு மெட்டு கிடையாது. நீளும் ஒற்றைச் சுருதி, மெல்ல மாறும் ஒலித்திரள், இடையிடையே மௌனம், இவ்வளவுதான். வாத்தியக் குழு வைக்க வசதியில்லாத சுயாதீனக் குறும்படங்களுக்கு இது தோதானது.

அன்றாட ஓசையை இசையாக்கும் முறை பழையது. 1948இல் பாரிஸ் வானொலியில் பணியாற்றிய பியேர் ஷேஃபர், ரயில் ஓசைகளைத் தட்டுகளில் பதிந்து, வேகம் மாற்றியும் திரும்பத் திரும்ப ஓடவிட்டும் ஓர் இசைப்படைப்பை உருவாக்கினார். மலேசியத் தமிழ்ப் படங்களில் 2015இல் வெளிவந்த ‘ஜகாட்’ சூழலிசைக்கு நெருங்கிய எடுத்துக்காட்டு. தோட்டத்தைவிட்டு வெளியேறிய குடும்பத்தின் கதையைச் சொல்லும் சஞ்சை குமார் பெருமாளின் இந்த முழுநீளச் சுயாதீனப் படத்துக்கு, ஒலிக்கலைஞர் கமால் சப்ரான் இசையமைத்தார்.

இசைக்கு முன் இடத்தின் ஓசை வேண்டும். கெடாவின் பீடோங் வட்டாரத் தோட்டங்களில் அதற்குக் குறைவில்லை: விடியற்காலைப் பால்வெட்டு, செம்பனை ஓலையின் சலசலப்பு, மாரியம்மன் கோயில் மணி, தப்பு, உறுமி. வெயிலில் காய்ந்த ரப்பர் காய் படீரென வெடித்துக் கொட்டை சிதறும் ஓசை, அமைதியான காட்சியில் திடுக்கிடலுக்கு உதவும். படப்பிடிப்பு நடக்கும் ஒவ்வோர் இடத்திலும், யாரும் பேசாமல் ஓரிரு நிமிடம் ஒலி பதிந்துகொள்வது வழக்கம். வெளியில் பதியும்போது மைக்கிற்குக் காற்றுத் தடுப்பு உறை அவசியம்.

அடுத்தது ஒலியை உருமாற்றுவது. ரப்பர் பால் சேரும் மங்கு எனும் கிண்ணத்தை விரலால் சுண்டிப் பதிந்து, பாதி வேகத்தில் ஓடவிட்டால் ஓசை ஒரு ஸ்தாயி இறங்கும், நேரம் இரட்டிக்கும். கொஞ்சம் எதிரொலி சேர்த்தால் அது தூரத்து மணிபோலக் கேட்கும். ஆடாசிட்டி போன்ற இலவச மென்பொருளே இதற்குப் போதும்.

பிறகு இயக்குநரும் இசையமைப்பாளரும் படத்தொகுப்பு முடிந்த படத்தைப் பார்த்து, இசை எங்கே நுழைய வேண்டும், எங்கே விலக வேண்டும் என்று குறிக்கிறார்கள். வெட்டுகளோடு தாளம் பொருந்தக் கணக்கும் உண்டு. நொடிக்கு 24 சட்டகம் ஓடும் படத்தில், நிமிடத்துக்கு 60 அடி வேகத்தில் ஓர் அடிக்கு 24 சட்டகம் வரும், 72 அடி வேகத்தில் 20 சட்டகம்.

பேச்சின் தெளிவு பெரும்பாலும் சுமார் 300 முதல் 3,400 ஹெர்ட்ஸ் வரையுள்ள பகுதியில் இருக்கிறது. உரையாடல் வரும் இடங்களில் இசையின் அந்தப் பகுதியைக் குறைத்துவிட்டால், வசனம் அமுங்காது. ஒலி அளவை மட்டும் தணித்தால் இசையே காணாமல் போய்விடும்.

முடிவில் ஒலிக்கலவையைப் பெரிய ஸ்பீக்கரிலும் கைப்பேசியிலும் கேட்டுச் சரிபார்க்க வேண்டும். கைப்பேசியின் சிறு ஸ்பீக்கரில் ஆழ்ந்த சுருதி கேட்காது என்பதால், அதன் மேல்ஸ்தாயியையும் லேசாகச் சேர்ப்பார்கள். பிறர் பதிந்த ஒலியைப் பயன்படுத்தினால், படவிழாவுக்கு அனுப்புமுன் எழுத்துமூல அனுமதி பெறுவது நல்லது.