சாலைப் பணி நடைபெறுகிறது

சங்க மலருக்கு ஏதாவது எழுதுங்கள் என்று செயலாளர் கேட்டார். "நான் ரோடு போட்டவன் சார், கதை கவிதையெல்லாம் வராதே" என்றேன். "அப்போ அதையே எழுதுங்களேன்" என்றார். வடக்கே முப்பது வருஷம் சாலை வேலையில் இருந்தவன் என்ற முறையில், எனக்குத் தெரிந்த ஒன்றைச் சொல்கிறேன்.

2002 டிசம்பர். தங்க நாற்கரச் சாலைப் பணிகள் மும்முரமாக நடந்த காலம். ஹரியானாவில் நான் மேற்பார்வை பார்த்த ஓர் இடத்தில், சிறு பாலத்துக்காகப் பாதிச் சாலையைத் தோண்டியிருந்தோம். பள்ளத்துக்கு முன்னால் நாலு கல், ஒரு தார் டிரம், அதன்மேல் ஒரு சிவப்புத் துணி. எச்சரிக்கை அவ்வளவுதான். விடியற்காலைப் பனிமூட்டத்தில், பால் கேனோடு மோட்டார் சைக்கிளில் வந்த பையன் உள்ளே விழுந்தான். உயிர் பிழைத்தது, ஒரு கால் போய்விட்டது. "வேகமாக வந்திருக்கிறான்" என்று அறிக்கை தயாரானது. நானும் கையெழுத்துப் போட்டேன். அது இன்றும் உறுத்துகிறது.

ஏன் என்று கேட்டால், கணக்கைப் பாருங்கள். ஓட்டுநர் கண்ணில் ஆபத்து பட்டு, புரிந்து, பிரேக்கை மிதிக்க இரண்டரை நொடி ஆகும் என்று வைத்துக்கொள்வது எங்கள் வழக்கம். 80 கி.மீ. வேகத்தில் அதற்குள்ளேயே வண்டி 55 மீட்டர் ஓடிவிடும். பிறகுதான் நிற்கத் தொடங்கும். ஆகவே மொத்தம் 120 மீட்டர் வேண்டும். வெறும் 40 கி.மீ. வேகத்துக்கே 45 மீட்டர். அன்றைய பனியில் 20 மீட்டர்கூடத் தெரியவில்லை. பையன் மெதுவாக வந்திருந்தாலும் விழுந்துதான் இருப்பான்!

இத்தனைக்கும் வழிகாட்டி இல்லாமல் இல்லை. இந்தியச் சாலைப் பேரவை (ஐ.ஆர்.சி.) இதற்கென்றே எஸ்.பி. 55 என்ற கையேட்டை 2001இல் வெளியிட்டு, 2014இல் திருத்தியது. அதன் சாரம் எளிது. வேலை நடக்குமிடத்தை நாலு பகுதியாகப் பிரிக்க வேண்டும். முதலில் முன்னெச்சரிக்கை: "ஆட்கள் வேலை செய்கிறார்கள்", "சாலை குறுகுகிறது", வேக வரம்பு என்று பலகைகள் ஒன்றன்பின் ஒன்றாக வர வேண்டும். அடுத்து, கூம்புகளைச் சாய்வாக வரிசையாக வைத்து வண்டிகளைப் பக்கத்துத் தடத்துக்கு மெல்லத் திருப்ப வேண்டும். மூன்றாவது வேலைப்பகுதி, ஆட்களுக்கும் ஓடும் வண்டிக்கும் நடுவே தடுப்பு வேண்டும். நாலாவது, வண்டிகள் பழைய தடத்துக்குத் திரும்பும் இடம்.

ஒரே தடம்தான் என்றால் இரு முனையிலும் கொடிக்காரர் வேண்டும். ஒருவரை ஒருவர் பார்க்க முடியாவிட்டால் வாக்கி-டாக்கி கொடுக்க வேண்டும். அதுவும் இல்லையென்றால், கடைசி வண்டிக்காரரிடம் ஒரு கழியைக் கொடுத்து அனுப்புவோம். அது மறுமுனைக்கு வந்து சேர்ந்தால்தான் அந்தப் பக்கத்து வண்டிகளை விடலாம். பழைய ரயில்வே டோக்கன் மாதிரிதான்.

பலகை வைத்தால் மட்டும் போதாது. ஒளியைத் திருப்பி அனுப்பும் பலகை, ஹெட்லைட் பட்டால்தான் மின்னும். மண் படிந்தால் அதுவும் போச்சு. தினமும் துடைக்க ஆள் வேண்டும். இன்னொன்று, வேலை முடிந்ததும் பலகையை எடுத்துவிட வேண்டும். இல்லாத வேலைக்குப் பத்து பலகையைப் பார்த்த லாரிக்காரர், பதினோராவதை நம்பமாட்டார்.

இதெல்லாம் ஏன் நடப்பதில்லை? என் அனுபவத்தில் காரணம் காசுதான். ஒப்பந்தத்தில் பாதுகாப்புக்குத் தனித்தொகை இல்லாவிட்டால், ஒவ்வொரு கூம்பும் ஒப்பந்ததாரருக்கு நஷ்டம். தனி இனமாக எழுதி, அளந்து பணம் கொடுத்த வேலைகளில் கூம்புகள் இருந்தன.

2019இல் மோட்டார் வாகனச் சட்டத்தைத் திருத்தி, 198ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். சாலை வடிவமைப்பு, கட்டுமானம், பராமரிப்புத் தரத்தை மீறியதால் உயிரோ உறுப்போ போனால், பொறுப்பானவர்களுக்கு ஒரு லட்சம் ரூபாய்வரை அபராதம். போன காலுக்கு இது ஈடா? இல்லை. ஆனாலும் விழுந்தவன் மீதே பழி போடும் வழக்கத்துக்கு ஒரு தடை.

நீங்களும் ஒன்று செய்யலாம். கொடியோடு நிற்கும் கூலிக்காரரைக் கண்டால் ஹாரன் அடிக்காதீர்கள். வெயிலிலும் புழுதியிலும் அவர் நிற்பது உங்களுக்காகத்தான். வெறும் சிவப்புத் துணியைக் கண்டால் சும்மா போகாதீர்கள். போலீசுக்கோ சாலைத் துறைக்கோ ஒரு போன் போடுங்கள். அன்று அந்தப் பையனுக்கு முன்னால் அந்த வழியே எத்தனையோ பேர் தப்பித்துப் போயிருந்தார்கள்.