அரபுப் பெயர்களின் தமிழ்ச் சுருக்கம்: கொங்கு வழக்கை முன்வைத்து

முன்னுரை

கோயம்புத்தூர் ‘கோவை’ என வழங்குவதை மரூஉ என்பர் இலக்கணத்தார். அந்நகரின் கோட்டைமேட்டில் ‘அப்துல் காதர்’ என்னும் பெயருடையவர் ‘காதர் பாய்’ என்று விளிக்கப்படுவதும் அதனோடு ஒப்பவைத்து எண்ணத்தக்கதே. தமிழக இசுலாமியரிடையே வழங்கும் அரபுப் பெயர்கள் அன்றாடப் பேச்சில் எவ்வாறு சுருங்குகின்றன என்பதையும், அச்சுருக்கத்தால் எழும் சிக்கல்களையும் விளக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பிரிக்கப்படும் இடம்

‘அப்து’ என்பது அடியார் எனப் பொருள்படும். ‘அல்’ என்பது அடுத்த சொல்லைச் சார்ந்து வரும் அரபுச் சுட்டு. எனவே அரபு இலக்கணப்படி இப்பெயர் அப்து + அல்காதிர் எனப் பிரியும். ‘ஆற்றலுடையோனின் அடியார்’ என்பது பொருள். தமிழர் வழக்கிலோ இது அப்துல் + காதர் எனப் பிரிகிறது. அரபியில் ரகரத்திற்கு முன் அச்சுட்டின் லகரம் ரகரமாகத் திரிந்து ‘அப்துர் ரஹ்மான்’ என ஒலிக்கும். கவிக்கோவின் பெயரோ ‘அப்துல் ரகுமான்’ என்றே வழங்குகிறது. ‘அப்துல்’ தமிழில் தனிச்சொல்லாகவே நிலைபெற்றுவிட்டது என்பதற்கு இதுவே சான்று. சாகுல் ஹமீது ‘சாகுல்’ எனச் சுருங்குவதிலும் சுட்டு முற்சொல்லோடு ஒட்டிக்கொள்கிறது.

அசையும் சுருக்கமும்

அப்துல் காதர், சாகுல் ஹமீது ஆகியவை நாலசை கொண்டவை. அவற்றின் குறுக்கங்களான அப்துல், காதர், சாகுல் மூன்றும் தேமா. ரகுமான் புளிமா. முஹ்யித்தீன் என்னும் மூவசைப் பெயர் ‘மைதீன்’ எனத் தேமாவாகிறது. கலாம், நிஜாம், ஜலால் போன்றவை ஓரசையில் அடங்குகின்றன. கோவையும் தேமாவே. ஆகவே, இங்குக் காட்டிய பெயர்களைத் தமிழர் பொருள் எல்லை நோக்காது, ஈரசைக்குள் அடங்குமாறு சுருக்கியுள்ளனர் எனலாம்.

இம்மரபு இன்று தோன்றியதன்று. உமறுப்புலவரைப் புரந்த கீழக்கரை வள்ளல் செய்கு அப்துல் காதிறு ‘சீதக்காதி’ என்றே இலக்கிய வரலாற்றில் நிலைபெற்றார். பாலக்காட்டுக் கணவாய்க்கு அப்பால் மலையாளத்திலும், முகம்மது குட்டி என்னும் நடிகர் ‘மம்மூட்டி’ என அறியப்படுகிறார்.

பொருளும் பதிவும்

காதிர், ரஹ்மான் என்பன இறைவனின் திருப்பெயர்கள். ‘அப்து’ நீங்கின், அடியாரைக் குறித்த பெயர் ஆண்டவனைக் குறிப்பதாகிவிடும். ஆதலின் முழுப்பெயர் சொல்லி அழைக்குமாறு மார்க்க அறிஞர் வலியுறுத்துவர். தமிழ்ப் பெயரிடு மரபோ தெய்வத்தின் பெயரையே மகவுக்குச் சூட்டி மகிழ்வது. பழனியாண்டவர் திருப்பெயராலேயே பழனிச்சாமி என்று பிள்ளையை அழைக்கும் கொங்குச் சூழலில், ‘காதர்’ என்னும் விளி செவிக்கு உறுத்துவதில்லை. இரு மரபுகளும் சந்திக்கும் இடமாக இச்சுருக்கம் அமைகிறது.

நடைமுறைச் சிக்கல் ஆவணங்களில் எழுகிறது. பத்திரத்தில் ‘அப்துல் காதர்’ என்றும் குடும்ப அட்டையில் ‘காதர்’ என்றும் பதிவான ஒருவர் இருவராகக் கருதப்படக் கூடும். தந்தை பெயரின் முதலெழுத்தைத் தலைப்பெழுத்தாகக் கொள்ளும் தமிழக வழக்கில், உடன்பிறந்தாருள் ஒருவர் ‘அ.’ என்றும் மற்றவர் ‘கா.’ என்றும் எழுத நேரலாம். வாரிசுரிமையை நிறுவ முற்படும்போது அவ்வோரெழுத்து வேறுபாடே தடையாகக் கூடும். பழைய ஆவணங்களைக் கொண்டு குடும்ப வரலாறு எழுதும் ஆய்வாளரும் இதே பிழைக்கு ஆளாகலாம்.

முடிவுரை

சுருக்க வடிவங்களைக் கொச்சையென ஒதுக்குவதும் அரபு வடிவத்திற்கேற்பத் திருத்திப் பதிப்பிப்பதும் ஆய்வுக்கு உதவா. கள ஆய்வில் முழுப்பெயர், விளிப்பெயர், ஆவணப்பெயர் ஆகிய மூன்றையும் உள்ளவாறே பதிவு செய்தல் வேண்டும். மூன்றையும் ஒருசேர நோக்கினாலன்றி அவை ஒருவரையே சுட்டுவன என்பது புலப்படாது.