மடிக்கணினி இரைந்தால்
பாலாற்றைத் தேக்கிய பேத்தமங்களா ஏரியின் நீரே கோலார் தங்கவயலுக்குக் குடிநீராயிற்று. அங்குள்ள சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் கீழே இறங்கியது. அவ்வாழத்தில் பாறையின் வெப்பம் 60 டிகிரியைத் தாண்டும். குளிர்ந்த காற்றைச் செலுத்தியே வேலை நடந்தது. நம் மடிக்கணினியின் விசிறிக்கும் அதே கடமைதான்.

அது இடைவிடாது ‘உஸ்’ என்று இரைந்தால், பெரும்பாலும் காற்றுத் துளைகளைத் தூசி அடைத்திருக்கும். மெத்தைமீது வைத்திருந்தால், முதலில் மேசைக்கு மாற்றுவோம். பின்னர் கணினியை அணைத்து, மின்னிணைப்பை நீக்கி, அடிமூடியைக் கழற்றி, விசிறி சுழலாதபடி பிடித்துக்கொண்டு தூசியை ஊதி அகற்றலாம். சுழலவிட்டு ஊதினால் பேரிங் கெடும்.

‘கரகர’ ஒலி வேறு வகை. பேரிங் தேய்ந்ததன் அடையாளம் அது. எண்ணெய் விடுவது தற்காலிகச் சமாளிப்பே. கணக்கு விவரங்களும் குடும்பப் படங்களும் உள்ள கோப்புகளை அன்றே நகலெடுத்துக்கொண்டு, விசிறியை மாற்றிவிடலாம்.