கால் போயிற்று, கணக்கிலும் போவதா?

காலை எட்டு மணி. பஸ் நிற்குமிடத்தில் கூட்டம் நெரிகிறது. வந்த வண்டியிலோ எள் போட இடமில்லை. அடுத்த வண்டி எப்போது வரும் என்று ஆண்டவனுக்கும் தெரியாது, அதிகாரிக்கும் தெரியாது! ஆலை வாயிற்கதவு காத்திருக்குமா? பத்து நிமிடம் பிந்தினால் அரைநாள் கூலி போய்விடும். எனவே தாவுகிறான் தொழிலாளி. ஒரு கால் படியில், ஒரு கை கம்பியில், மறு கையில் சோற்றுத் தூக்கு. வளைவிலே வண்டி குலுங்குகிறது, கை நழுவுகிறது, பின்சக்கரம் ஏறுகிறது. முழங்காலுக்குக் கீழே கால் துண்டாகிறது.

அவன் பெயர் வேண்டாம், ஊரும் வேண்டாம். நமது தெருவிலே தேடினால் அப்படி ஒருவன் கிடைப்பான். கட்டையை ஊன்றி, வெற்றிலைப் பாக்குக் கடைக்குப் பக்கத்திலே உட்கார்ந்திருப்பான்.

மறுநாள் பத்திரிகையில் நாலு வரி வரும்: "பஸ்சிலிருந்து விழுந்து தொழிலாளி படுகாயம்." படிப்பவனுக்குச் செய்தி அதோடு முடிந்தது. காலிழந்தவனுக்கோ அன்றுதான் தொடங்குகிறது!

தோழர்களே! அந்தத் தொடக்கத்திலே ஒரு எண் இருக்கிறது. ஆஸ்பத்திரிப் பதிவேட்டிலே, நோயாளியின் கண்ணில் படாமல், ஒரு குமாஸ்தா எழுதும் சின்னஞ்சிறு எண். "எண்ணிலே என்ன இருக்கிறது? எனக்குக் காலல்லவா வேண்டும்?" என்று கேட்கத் தோன்றும். நியாயமான கேள்விதான். ஆயினும் அந்த எண்ணின் கதையைச் சற்றுக் கேளுங்கள்.

மக்கள் எதனால் சாகிறார்கள் என்று நாடுகளெல்லாம் ஒரே முறையில் கணக்கெடுக்க, பெர்ட்டிலான் என்ற பிரெஞ்சு அறிஞர் 1893 இல் ஒரு பட்டியல் தந்தார். அது சாவுப் பட்டியல். செத்தவனுக்கு அதிலே இடம் உண்டு. கையிழந்து காலிழந்து உயிரோடு கிடப்பவனுக்கு இடமில்லை. 1948 இல் உலக சுகாதார நிறுவனம் அதன் ஆறாம் திருத்தத்தை ஏற்ற பிறகுதான், சாகாதவர்களின் நோயும் காயமும் அந்தப் பட்டியலிலே முறையாக இடம் பெற்றன. 1990 இல் ஏற்கப்பட்ட பத்தாம் திருத்தமே நம் ஆஸ்பத்திரிகளுக்குப் பழக்கமானது. பதினோராம் திருத்தம் 2022 இல் நடைமுறைக்கு வந்து, நாடு நாடாகப் பரவுகிறது.

பத்தாம் திருத்தத்திலே நமது தொழிலாளியின் கதையை எப்படி எழுதுவது? இரண்டு எண்கள் வேண்டும். என்ன காயம் என்பதற்கு ஒன்று: முழங்காலுக்குக் கீழே கால் துண்டானால் எஸ்-88. எப்படி நேர்ந்தது என்பதற்கு இன்னொன்று: மோதலின்றி பஸ் பயணிக்கு நேர்ந்த விபத்து என்றால் வி-78. அதோடு நின்றுவிடவில்லை. புள்ளிக்குப் பின்னே இன்னுமொரு எண் உண்டு. ஏறும்போதோ இறங்கும்போதோ அடிபட்டால் 4. ஓட்டுநர் என்றால் 5. உள்ளே இருந்த பயணி என்றால் 6. வண்டிக்கு வெளியே தொற்றிக்கொண்டு வந்தவன் என்றால் 7. படியில் நிற்பவன், கூரை மேல் இருப்பவன், வெளியே தொங்குபவன் எல்லாரும் இந்த 7-இல் அடக்கம். படியிலே தொங்கிப் பிழைக்கும் ஏழையை உள்ளூர் அதிகாரி மறக்கலாம். உலகப் பட்டியல் மறக்கவில்லை! ரயிலில் ஏறி இறங்கும்போது விழுந்தால் வி-81.4, ஓடும் ரயிலிலிருந்து விழுந்தால் வி-81.6 என்று அதற்கும் தனித்தனியே இடம் வகுத்திருக்கிறார்கள்.

ஓராண்டு உருண்டோடுகிறது. புண் ஆறிவிட்டது, வாழ்வு ஆறவில்லை. வெட்டிய இடம் உளைகிறது, இடுப்பு வலிக்கிறது. மீண்டும் ஆஸ்பத்திரிக்குப் போகிறான். இப்போது அது புதுக் காயமல்ல, பழைய காயத்தின் பின்விளைவு. அதற்கும் எண்கள் உண்டு. காலில் ஏற்பட்ட காயத்தின் பின்விளைவுக்கு டி-93, தலைக்காயத்துக்கு டி-90, கழுத்துக்கும் முதுகுத்தண்டுக்கும் டி-91, கைக்கு டி-92. எல்லாவற்றுக்கும் மூலம் மோட்டார் வண்டி விபத்தே என்று சொல்ல ஒய்-85.0. கால் இல்லாத நிலையைக் குறிக்க இசட்-89. பின்விளைவு என்று மருத்துவர் எழுதியதும், விபத்துக்கு ஓராண்டோ அதற்கு மேலோ கழித்துத் தோன்றும் தொல்லையும் இந்த இனத்தில் சேரும்.

ஆக, கேட்பதற்கு வழி இருக்கிறது. கேட்கிறோமா என்பதே கேள்வி! "என்னப்பா வலி?" "கால் வலிங்க." வரிசையிலே பின்னால் நூறு பேர். மருத்துவர் சீட்டில் "கால் வலி" என்று எழுதுகிறார். குமாஸ்தா அதற்கான எண்ணைப் போடுகிறார். பஸ் மறைந்தது, படி மறைந்தது, சக்கரம் மறைந்தது. விபத்து நடந்த அன்றே விவரம் இல்லாவிட்டாலோ வி-89.2, அதாவது ஏதோ ஒரு மோட்டார் விபத்து! அதுவும் தெரியாவிட்டால் எக்ஸ்-59, ஏதோ ஒன்றால் நேர்ந்தது! ஒரு மனிதனின் கால் "ஏதோ ஒன்று" ஆகிவிடுகிறது.

2022 இல் இந்தியச் சாலைகளிலே 1,68,491 பேர் மாண்டனர், 4,43,366 பேர் காயமுற்றனர் என்று மத்திய அரசின் அறிக்கை கூறுகிறது. அந்த நாலரை இலட்சம் பேரில் எழுந்து நடந்தவர் எத்தனை பேர்? ஊன்றுகோல் ஏந்தியவர் எத்தனை பேர்? பின்விளைவு எண்ணை ஒழுங்காக எழுதினாலன்றோ விடை கிடைக்கும்? விடை இருந்தாலன்றோ, எத்தனை செயற்கைக் கால் வேண்டும், எந்தத் தடத்துக்கு இன்னும் பஸ் வேண்டும், எந்த வண்டிக்குக் கதவு வேண்டும் என்று புள்ளிவிவரத்தோடு கேட்க முடியும்? விபத்துக்குப் பின் முதல் 48 மணி நேரச் சிகிச்சையைக் கட்டணமின்றி அளிக்கும் திட்டம் 2021 இல் தமிழகத்தில் தொடங்கியது. உயிர் காக்கும் பணி, உயர்ந்த பணி. அந்த 48 மணி நேரத்துக்குப் பின்னே வரும் நாற்பது ஆண்டு வாழ்வுக்கு யார் கணக்கு?

இங்கே ஒரு சங்கடம் உண்டு. மறைக்காமல் சொல்ல வேண்டும். "படியில் தொங்கினேன்" என்று சொல்லப் பாதிக்கப்பட்டவன் அஞ்சுகிறான். காரணம், இழப்பீட்டு வழக்கிலே எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, "அவன்மீதும் தவறு உண்டு, தொகையைக் குறைக்க வேண்டும்" என்பார், குறைக்கப்படுவதும் உண்டு. அதனால் வாயை மூடிக்கொள்கிறான். அவன் வாய் மூட, கணக்கும் வாய் மூடுகிறது. கணக்கு வாய் மூட, அதே தடத்தில் அதே நெரிசல். நாளை இன்னொருவன் தொங்குகிறான்! மருத்துவ எண் யார் குற்றவாளி என்று சொல்வதில்லை. என்ன நடந்தது என்று மட்டுமே சொல்கிறது. உள்ளே இடமிருந்தும் ஒருவன் விளையாட்டுக்குத் தொங்கினால் கண்டியுங்கள், நாமும் சேர்ந்து கண்டிப்போம். இடமே இல்லாத வண்டியில் வேலைக்குப் போகத் தொங்கியவனைக் கூண்டிலேற்றும்போது, வண்டி விடாதவரையும் பக்கத்திலே நிறுத்த வேண்டாமா?

இழப்பீட்டை முடிவு செய்வது இந்த எண்ணல்ல என்பதும் உண்மை. 2010 இல் உச்சநீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: உடல் இழந்த விழுக்காடு வேறு, வருவாய் இழந்த விழுக்காடு வேறு. இடக்கை போனால் ஊனம் சுமார் 60 விழுக்காடாக மதிப்பிடப்படலாம். அவன் ஓட்டுநராகவோ தச்சனாகவோ இருந்தால் வருவாய் இழப்பு ஏறத்தாழ 100 விழுக்காடு. அரசாங்க எழுத்தருக்கோ வேலையே போகாமலிருக்கலாம். கைக்கு ஒரே விலை இல்லை; கை செய்த தொழிலைப் பார் என்பது இதன் பொருள். ஆனால் அந்த வாதத்தை எழுப்ப, ஆஸ்பத்திரிக் காகிதமல்லவா சாட்சி சொல்ல வேண்டும்? காகிதம் ஊமையானால் வக்கீல் என்ன செய்வார்?

பஸ்சை ஓட்டும் தோழருக்கும் நடத்தும் தோழருக்கும் இது பொருந்தும். கூலிக்கு வேலை செய்கையில் அடிபட்டார் என்று காட்டவும் பட்டியலிலே தனிக் குறி உண்டு. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016 இல் வந்தது. பணிக்காலத்தில் ஊனமுற்ற அரசு நிறுவன ஊழியரை வேலையிலிருந்து நீக்கவோ பதவி இறக்கவோ கூடாது, பழைய வேலை முடியாவிட்டால் அதே ஊதியத்தில் வேறு பணி தர வேண்டும் என்று அதன் 20 ஆம் பிரிவு சொல்கிறது.

எனவே, தோழர்களே! விபத்தென்றால் ஓடிப்போய் ரத்தம் கொடுக்கிறீர்கள். அந்தக் கரங்களுக்கு வணக்கம். அதோடு இன்னொன்றும் செய்யுங்கள். விபத்துப் பதிவேட்டில் எந்த வண்டி, ஏறும்போதா இறங்கும்போதா, உள்ளேயா படியிலா, வேலையிலா என்று உள்ளது உள்ளபடி எழுதச் சொல்லுங்கள். வீடு திரும்பும்போது தரும் சீட்டைத் தகரப் பெட்டியிலே பத்திரப்படுத்தச் சொல்லுங்கள். ஆண்டு பல கழித்து வலியென்று போனாலும், "இன்ன ஆண்டு, இன்ன பஸ் விபத்தால் வந்தது" என்பதை முதல் வாக்கியமாகச் சொல்லப் பழக்குங்கள்.

வெற்றிலைப் பாக்குக் கடைக்குப் பக்கத்திலே உட்கார்ந்திருக்கிறானே, அவனிடம் இன்று மாலை போய், "உன் சீட்டு எங்கே, அதிலே என்ன எழுதியிருக்கிறது?" என்று கேளுங்கள். போன கால் வளராது. ஆனால் அவன் கால் கணக்கிலே ஏறினால், நாளை ஒருவன் படியில் தொங்காமல் உள்ளே நிற்க இடம் கேட்கலாம். அந்தக் குரலை "ஏதோ ஒன்று" என்று எவரும் ஒதுக்க முடியாது!