இரண்டு பெயர் கொண்ட கல்லறை

ஸ்பெயின் தேசத்தின் தென்மேற்குக் கரையிலே உவெல்வா என்றொரு துறைமுகப் பட்டினம் உண்டு. அதன் மயானத்திலே 1943ஆம் ஆண்டு மே மாதம் 2ஆந் திகதி, மேஜர் வில்லியம் மார்ட்டின் என்னும் பிரித்தானியக் கடற்படை அதிகாரி இராணுவ மரியாதையுடன் அடக்கஞ் செய்யப்பட்டார். பின்னர் நாட்டிய கல்லிலே அவர் பிறந்த திகதி உண்டு. பெற்றோரின் பெயரும் உண்டு. ஆனால், அப்படி ஒரு மேஜர் இவ்வுலகில் எக்காலத்தும் பிறந்தாரல்லர்.

இந்த விந்தையைச் சான்றுகளுடன் விரித்துரைத்தவர் பென் மக்கின்டயர் என்னும் ஆங்கில வரலாற்றாசிரியர். 1963இற் பிறந்தவர், இலண்டன் 'டைம்ஸ்' பத்திரிகையின் எழுத்தாளர். ஒற்றர், எத்தர், சாகசக்காரர் ஆகியோரின் வாழ்வையே தமது வயலாகக் கொண்டு உழுதுவருகின்றார். 'ஒப்பரேஷன் மின்ஸ்மீட்' என்ற அவரது நூல் 2010இல் வெளிவந்தது. கொத்திய இறைச்சியை நினைப்பூட்டும் சொல் அது. பிணமொன்றை வைத்து நடத்திய சூழ்ச்சிக்கு அப்பெயரைத் தேர்ந்தவர்களின் நகைச்சுவை நமக்குச் சற்று அருவருப்பையே தருகின்றது.

வட ஆபிரிக்காவிலே நேச நாடுகளுக்கு வெற்றி நெருங்கிக்கொண்டிருந்த காலம் அது. அடுத்த அடி சிசிலித் தீவில் விழும் என்பதைத் தேசப்படம் பார்க்கத் தெரிந்த சிறுவனும் ஊகிப்பான். ஹிட்லரின் கண்ணை வேறு திசைக்குத் திருப்ப வேண்டும். விமானப்படை அதிகாரி சார்ள்ஸ் சம்லியும், கடற்படை ஒற்றர் பிரிவிலிருந்த சட்டத்தரணி யூவன் மொண்டேகுவும் ஓர் உபாயம் வகுத்தனர். பொய்க் கடிதங்கள் அடங்கிய பையுடன் ஒரு சடலத்தை ஸ்பானியக் கரையில் ஒதுங்கச் செய்வது. கடலில் வீழ்ந்த விமானத்திலிருந்து வந்தவர் என்று ஸ்பானியர் எண்ணிக்கொள்வர். ஸ்பெயின் நடுநிலை நாடெனினும், ஜேர்மனிய ஒற்றர் அங்கே தாராளமாக உலவினர்.

இந்த எண்ணத்தின் வித்து ஒரு துப்பறியும் நாவலிலே இருந்தது. பேசில் தொம்சன் எழுதிய கதையிற் கண்டதை, 1939இலேயே கடற்படை ஒற்றர் பிரிவு ஒரு யோசனைப் பட்டியலிற் சேர்த்துவைத்தது. அப்பட்டியலிற் பெரும்பகுதியை எழுதியவர், பின்னாளில் ஜேம்ஸ் பொண்டைப் படைத்த இயன் பிளெமிங் என்பர். நாவல் படித்தல் வீண் வேலை என்று பிள்ளைகளைக் கடிந்துகொள்ளும் பெற்றோர் இதனைக் கவனிப்பாராக.

பொய்யை நம்பவைத்தது எப்படி என்று சொல்லும் பகுதியே நூலின் சுவைமிக்க பகுதி. பெரும்பொய் கடிதங்களிலே இருந்தது. ஒன்று, ஜெனரல் நை துனீசியாவிலிருந்த ஜெனரல் அலெக்சாந்தருக்கு எழுதியதுபோல் அமைந்து, தாக்குதல் கிரேக்கத்தில் என்று உணர்த்தியது. மற்றொன்றிலே மவுண்ட்பேட்டன் பிரபு சார்டின் மீனைப் பற்றி வேடிக்கையாக ஒரு வார்த்தை எழுதி, சார்டீனியாத் தீவை நினைப்பூட்டினார். (1944இற் கண்டியில் தலைமையகம் அமைத்திருந்த அதே மவுண்ட்பேட்டன்தான்.) ஆயினும், இப்பெரும்பொய்யைத் தாங்கி நின்றவை மேஜரின் சட்டைப்பையிலிருந்த சில்லறைப் பொருள்களே. கணக்கிலிருந்ததற்கு மேலாக 79 பவுண் 19 சிலிங் 2 பென்ஸ் எடுத்துவிட்டதை நினைவூட்டும் வங்கிக் கடிதம்; நிச்சயதார்த்த மோதிரம் வாங்கிய சிட்டை; நாடகச் சீட்டின் கிழிந்த துண்டுகள்; 'பாம்' என்னும் கற்பனைக் காதலியின் கடிதங்கள், அவளது படம். படத்திலிருந்தவர் உளவுத்துறை எழுதுவினைஞரான ஜீன் லெஸ்லி. அடையாள அட்டைக்காகச் சடலத்தைப் படம்பிடித்தபோது அது சடலமாகவே தோன்றியதால், சாயல் ஒத்த உயிருள்ள ஒருவரைத் தேட நேர்ந்தது. உள்ளாடையோ வரலாற்றறிஞர் எச். ஏ. எல். பிஷருடையது! ஐரோப்பிய சரித்திரம் எழுதிய அப்பேரறிஞர் 1940இற் காலமானார்; மூன்றாண்டின் பின் அவர் ஆடையும் ஐரோப்பிய சரித்திரத்தினுள்ளே புகுந்தது.

ஏப்ரல் 30ஆந் திகதி அதிகாலையில் 'செராப்' என்னும் நீர்மூழ்கிக் கப்பல் சடலத்தைக் கடலில் விட்டது. பேழையினுள் இருப்பது வானிலைக் கருவி என்றே மாலுமிகளுக்குக் கூறப்பட்டிருந்தது. மீனவர் ஒருவர் சடலத்தைக் கண்டெடுத்தார். கடிதங்கள் கைமாறி, நூதனமாகத் திறக்கப்பட்டு, மறுபடி மூடப்பெற்றுப் பிரித்தானியரிடம் திரும்பின. மடிப்பினுள் வைத்திருந்த ஒற்றைக் கண்ணிமை மயிரைக் காணவில்லை! ஜேர்மனியர் பிரான்சிலிருந்த கவசப்படைப் பிரிவொன்றைக் கிரேக்கத்துக்கு அனுப்பினர். ஜூலை 10ஆந் திகதி சிசிலியிற் படைகள் இறங்கின. 38 நாளில் தீவு கைக்கு வந்தது. வெற்றி முழுவதும் ஒரு சடலத்தால் விளைந்ததென்பது மிகை. பால்கன் பிரதேசத்தைப் பற்றி ஹிட்லர் முன்னமே அஞ்சியிருந்தார். தாம் அஞ்சியதையே நம்பினார்.

மக்கின்டயரின் ஏனைய நூல்களும் விறுவிறுப்பானவை. 'ஏஜன்ட் ஸிக்ஸாக்' (2007), ஜேர்மனியரிடம் இரும்புச் சிலுவை பெற்றுக்கொண்டே பிரித்தானியாவுக்கு உழைத்த எடி சாப்மன் என்னும் பெட்டகத் திருடனின் கதை. 'டபிள் குரொஸ்' (2012) நூலிலே 'கார்போ' என்ற ஸ்பானியர், 27 உப ஒற்றர்களைக் கற்பனையிலேயே படைத்து, அவர்களுக்கென ஜேர்மனியரிடம் பணமும் வாங்கிவிடுகின்றார். இத்தகையோரின் கவர்ச்சிக்கு ஆசிரியரும் சிறிது மயங்கிவிட்டாரோ என்று எனக்குத் தோன்றியதுண்டு. ஆனால், சாப்மனும் கார்போவும் தாமாக விரும்பி ஆட்டத்தில் இறங்கியவர்கள். உவெல்வாவிற் கிடப்பவனை யாரும் கேட்கவில்லை.

அவன் பெயர் கிளின்டூர் மைக்கல். வேல்ஸ் நாட்டிலே 1909இற் பிறந்தவன். நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியான தந்தை தற்கொலை செய்துகொண்டபோது அவனுக்கு வயது பதினைந்து. 1940இல் தாயும் போய்விட்டாள். இலண்டனுக்கு வந்து வீடற்று அலைந்தவன், 1943 ஜனவரியிலே, கைவிடப்பட்ட பண்டசாலையொன்றில் எலிப்பாஷாணம் உண்ட நிலையில் கண்டெடுக்கப்பட்டு, வைத்தியசாலையில் இறந்தான். மரண விசாரணை அதிகாரி பென்ட்லி பேர்ச்சஸ் அவ்வுடலை ஒற்றர் பிரிவுக்குக் கொடுத்தார். மூன்று மாதம் அது பிரேத அறையிலே காத்துக்கிடந்தது. உயிரோடிருந்த காலத்தில் ஒரு கம்பளிப் போர்வை கொடாத அரசு, இறந்தபின் அவனுக்கு மேஜர் பதவி கொடுத்தது.

மொண்டேகு 1953இல் இக்கதையை எழுதியபோது, ஒருபோதும் இராத மனிதன் என்று பொருள்படத் தலைப்பிட்டார். மரணம் நிமோனியாவால் நேர்ந்ததென்றும், உறவினரின் அனுமதி பெற்றதாகவும் உரைத்தார். இரண்டும் உண்மையல்ல. போர் நடந்தவேளை சொன்ன பொய்யை நான் குறைகூறேன். சிசிலிக் கரையிலே எத்தனையோ உயிரை அது காத்திருக்கும். பத்தாண்டின் பின் சொன்ன பொய்யைத்தான் என்னால் ஏற்க இயலவில்லை. அதனாற் காக்கப்பட்டது எந்த உயிர்?

1996இல் ரொஜர் மோர்கன் என்னும் தன்னார்வ ஆராய்ச்சியாளர் அரசாங்க ஆவணங்களிடையே மைக்கலின் பெயரைக் கண்டுபிடித்தார். மொண்டேகுவின் மகன் வீட்டுப் பழம்பெட்டியிலிருந்த கடதாசிகளைக் கொண்டு அப்பெயருக்கு ஒரு வாழ்வைத் தந்தது மக்கின்டயரின் நூல். கல்லறையிலே பொய்த் தந்தையின் பெயர் ஜோன் கிளின்டூர் மார்ட்டின் என்று பொறிக்கப்பட்டிருந்தமையும் கவனிக்கத்தக்கது. உண்மைப் பெயரிற் பாதியைப் பொய்க்கல் அத்தனை காலமும் சுமந்தே நின்றது.

1998இல் அக்கல்லிலே ஒரு வரி கூட்டப்பட்டது. மேஜர் மார்ட்டினாகச் சேவை புரிந்தவர் கிளின்டூர் மைக்கல் என்பது அதன் கருத்து. பழைய எழுத்தை எவரும் அழிக்கவில்லை. இல்லாதவனின் பெயர் மேலேயும், இருந்தவனின் பெயர் கீழேயுமாக அக்கல் இன்றும் நிற்கின்றது.